எனோக்கி சொல்லாத இரண்டு வார்த்தை

1929ஆம் வருஷம் மார்ச் பத்தாம் தேதி, ஞாயிற்றுக்கிழமை பிற்பகல், நிஸ்கலா வீட்டுப் பெரிய அறையில் இருந்தவர்கள் ஆறு பேர். ஆபேலி நிஸ்கலா கட்டிலில். கட்டிலை உள்ளறையிலிருந்து இழுத்து வந்து அடுப்புக்கு மூன்றடி தள்ளிப் போட்டிருந்தார்கள். மல்லாந்து படுத்தால் மூச்சு அடைத்துக்கொள்ளும் என்பதால் முதுகுக்கு மூன்று தலையணை. அவர் மனைவி ஹில்யா அடுப்புப் பக்கம் முக்காலியில். மகள் சைமி சன்னலோரம். டவுனில் ஒரு டாக்டர் வீட்டில் வேலை செய்கிறவள், அப்பாவுக்காக லீவு சொல்லிவிட்டு வந்திருந்தாள். வேலையாள் தாவெத்தி மேசையின் கீழ்க்கோடியில், காபியைத் தட்டில் ஊற்றி ஆற்றிக்கொண்டு. மேல்கோடியில் நான். ஆறாவது ஆள் ஆபேலியின் தம்பி எனோக்கி. அவர் கதவோரம் விறகுப் பெட்டியின்மேல் உட்கார்ந்திருந்தார். கோட்டைக் கழற்றவில்லை. தொப்பியை முழங்கால்மேல் கவிழ்த்து வைத்திருந்தார்.

உள்ளே வந்தபோது எனோக்கி எல்லோரையும் பார்த்து "நல்ல நாள்" என்றார்.

அந்தச் சொல்லில் குற்றம் ஒன்றும் இல்லை. கடைக்காரரிடம் சொல்வதுதான், தபால்காரரிடம் சொல்வதுதான். ஆனால் இவர்கள் கடல் தாண்டி அமெரிக்காவுக்கு வந்து குடியேறிய சபைக்காரர்கள். விசுவாசிகள் ஒருவரையொருவர் கண்டால் கையைப் பிடித்து "தேவ சமாதானம்" என்பார்கள். சொல்லப்பட்டவர் நம்மவர், நம்மோடு ஒரே கரையில் போய்ச் சேருகிறவர் என்று அர்த்தம். மற்றவர்களுக்கெல்லாம் நல்ல நாள். பதினோரு வருஷத்துக்கு முன்னால் சபை இரண்டாக உடைந்தது. எதைப் பற்றி என்று கேட்டால் இரண்டு பக்கமும் இன்றைக்கும் ஒரு மணி நேரம் பேசுவார்கள்; அதை நான் இங்கே எழுதப்போவதில்லை. ஆபேலி ஒரு பக்கம் போனார், எனோக்கி மறுபக்கம். இருவர் பண்ணைக்கும் நடுவில் ஓடை. அண்ணனும் தம்பியும் சேர்ந்து மரம் வெட்டிப் போட்ட பாலம் அதன்மேல் அப்படியே இருக்கிறது. அந்த வருஷத்திலிருந்து பாலத்தில் எதிரெதிரே வந்தாலும் நல்ல நாள்தான்.

நான் டவுனில் கறுப்பு அங்கி போட்ட பாதிரியார் இருக்கிற பெரிய கோயிலுக்குப் போகிறவன். ஆகவே இரண்டு பக்கத்துக்குமே நான் நல்ல நாள். ஊராட்சிக் குமாஸ்தா என்பதாலும், கடிதம் எழுதத் தெரிந்தவன் என்பதாலும் இரண்டு பக்கத்து வீடுகளிலும் எனக்குக் காபி உண்டு.

"செவலை கன்னு போட்டுதா?" என்று ஆபேலிதான் பேச்சைத் தொடங்கினார்.

"இன்னும் நாலஞ்சு நாள் ஆகும்."

"மடி இறங்கிருச்சா?"

"இறங்கிருச்சு. உதைக்குது. மதினி தொட்டா சும்மா நிக்குது, நான் தொட்டா உதைக்குது."

"உன் கை ஜில்லுன்னு இருக்கும். சின்ன வயசுலேயே அப்படித்தான். அம்மா உன்னைத் தயிர்ப்பானை பக்கமே விடமாட்டா."

தாவெத்தி சிரித்தான். எனோக்கியும் கொஞ்சம் சிரித்தார். கிறிஸ்துமஸிலிருந்து ஆபேலியின் மாடுகளைக் காலை மாலை கறப்பது எனோக்கிதான். விறகு வெட்டிக் கொடுப்பதும், ஏரியிலிருந்து பனிக்கட்டி அறுத்து இழுத்து வந்து மரத்தூளில் புதைத்து வைத்ததும் அவர்தான். தாவெத்திக்கு ஒரு தோள்பட்டை காட்டு வேலையில் போய்விட்டது. குதிரைக்குத் தீனி போடுவது போன்ற சில்லறை வேலைதான் அவனால் முடியும். இதையெல்லாம் யாரும் எனோக்கியிடம் கேட்கவில்லை. ஆபேலியின் நெஞ்சில் இருபது வருஷத்துச் செம்புச் சுரங்கத் தூசி. அது இறுகிக்கொண்டு வருகிறது, வசந்தம் வரைக்கும் தாங்காது என்று டாக்டர் சொன்ன மறுநாள் காலை, எனோக்கி பால்வாளியோடு தொழுவத்தில் நின்றார். அவ்வளவுதான்.

ஹில்யா எல்லோருக்கும் காபி ஊற்றினாள். எனோக்கிக்கும். ஏலக்காய் போட்ட ரொட்டியை அறுத்து வைத்தாள். எனோக்கி சர்க்கரைக் கட்டியைப் பல்லில் கடித்துக்கொண்டு தட்டிலிருந்து உறிஞ்சினார்.

"குஸ்தாவை நான்தான் வரச் சொன்னேன்" என்றார் ஆபேலி. குஸ்தா என்பது நான். "ஒரு வெளி ஆள் இருக்கட்டும்னுதான். எனோக்கி, உன்கிட்ட ஒண்ணு கேக்கணும்."

"கேளு."

"பதினோரு வருஷமா நல்ல நாள் சொல்ற. என் மாட்டுக்குக்கூட அதைவிட நல்லாச் சொல்ற." கொஞ்சம் மூச்சு வாங்கினார். "நான் போகப்போறேன். ஒரே ஒரு தடவை அந்த ரெண்டு வார்த்தையைச் சொல்லிரு. வேற எதுவும் எனக்கு வேண்டாம்."

எனோக்கி தட்டைக் கீழே வைத்தார். "சொல்லணும்னுதான் எனக்கும் இருக்கு."

"அப்பச் சொல்லு."

"நீ முதல்ல ஒரு வார்த்தை சொல்லணும், அண்ணே. இத்தனை வருஷம் நின்ன பக்கம் தப்புன்னு. அதுக்கப்புறம் உன் கழுத்தைக் கட்டிக்கிட்டுச் சொல்லுவேன். நூறு தடவை சொல்லுவேன். மனசுல இல்லாம ஆண்டவர் பேரை வாயில எடுக்க எனக்கு வராது. உனக்கும் வராது. நீயும் அப்படித்தானே."

"நானும் அப்படித்தான்" என்று ஆபேலி ஒப்புக்கொண்டார். பிறகு கேட்டார்: "நான் நின்ன பக்கம் தப்புன்னா எல்மா எங்க இருக்கா?"

எல்மா இளைய மகள். எட்டு வருஷத்துக்கு முன் தொண்டை அடைப்பான் வந்து ஒன்பது வயதில் போனவள். ஆபேலியின் பக்கத்துப் பிரசங்கியார்தான் அவள் தலைமேல் கைவைத்து மன்னிப்பைச் சொல்லி அனுப்பி வைத்தார். அவள் போன நாளில் எனோக்கி ஓடைக்கு அந்தப் பக்கம் நின்று அழுதார் என்று எனக்குத் தெரியும். ஆபேலிக்கும் தெரியும்.

"சின்னப் புள்ளைய நான் ஒண்ணும் சொல்லல" என்றார் எனோக்கி.

"நீ சொல்லல. என்னைச் சொல்லச் சொல்ற. நான் தப்புன்னு சொன்னா, அவளைத் தப்பான கையில கொடுத்து அனுப்பினேன்னு ஆகும். அதை வாயால சொல்லிட்டு நான் அவகிட்டப் போயி எப்படி நிப்பேன்?"

தாவெத்திக்கு இந்த மாதிரிக் கனத்த பேச்சு ஒத்துக்கொள்ளாது. அவன் எந்தச் சபையும் இல்லாதவன். சிவப்புக் கொடி மன்றத்துக்குப் போகிறவன். "நான் வேணா சொல்றேன் ஆபேலி. தேவ சமாதானம். எனக்கு ஒண்ணும் செலவு இல்ல" என்றான்.

"நீ சொன்னா செவலை சொன்ன மாதிரி" என்றார் ஆபேலி.

"செவலை உதைச்சாவது காட்டும். இவங்க ரெண்டு பேரும் உதைக்கவும் மாட்டாங்க, நக்கவும் மாட்டாங்க."

சைமி சன்னலிலிருந்து திரும்பினாள். "சித்தப்பா, டாக்டர் வீட்டுல காலையில எல்லாரும் எல்லாருக்கும் ஒரே குட் மார்னிங்தான். சமையல்காரிக்கும் அதுதான், ஜட்ஜுக்கும் அதுதான். அவங்க வீட்டுலயும் சாவு வரத்தான் செய்யுது. ஆனா யாரும் இப்படி விறகுப் பெட்டிமேல கோட்டோட உக்காந்திருக்க மாட்டாங்க."

"சைமி" என்றாள் ஹில்யா.

எனோக்கி எழுந்தார். கட்டில் வரை வந்து போர்வையின் ஓரத்தை இழுத்து அண்ணன் காலுக்கடியில் செருகினார். வாயைத் திறந்தார், நான் பார்த்துக்கொண்டிருந்தேன். பிறகு தொப்பியைப் போட்டுக்கொண்டு வெளியே போனார். நேரே வீட்டுக்குப் போகவில்லை. விறகுக் கொட்டகைப் பக்கமிருந்து கோடாலிச் சத்தம் கேட்க ஆரம்பித்தது. ஞாயிற்றுக்கிழமை வேலை செய்யாத மனிதர்.

ஆபேலி கண்ணை மூடிக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தார். "பிர்ச் மரம்" என்றார். "ஈரம் இன்னும் போகல. சத்தத்துலயே தெரியுது." இருட்டும்வரை அந்தச் சத்தம் நிற்கவில்லை.

செவ்வாய்க்கிழமை காலை எனோக்கி என் வீட்டுக்கு வந்தார். நான் வரி நோட்டீஸ்களை அகர வரிசையில் அடுக்கிக்கொண்டிருந்தேன். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை.

"மதியம் ரயில் எத்தனை மணிக்கு?"

"ஒண்ணேகால். பனி தள்ளுற வண்டி முன்னால போயிருந்தா சரியா வரும். எங்க போறீங்க?"

பெரிய ஏரிக்கரை டவுனின் பேரைச் சொன்னார். அவர் பக்கத்துச் சபையின் மூப்பர்கள் இருப்பது அங்கே. "கேட்டுட்டு வரேன். சாகப்போறவன், கூடப்பிறந்தவன். சொல்லலாமா கூடாதான்னு. நானா முடிவு பண்ணினா பாசத்துல பண்ணிருவேன்."

"பாசத்துல பண்ணினா என்ன?"

"உங்களுக்கு அது சின்ன விஷயம், குஸ்தா." கோபமாகச் சொல்லவில்லை. "பாசத்துல சொன்னா அது எங்க அண்ணனுக்கு நான் கொடுக்கிறது. அவன் கேக்கிறது அது இல்ல. அவன் கேக்கிறது மேல இருந்து வர்றது. அதை நான் என் சட்டைப்பையில இருந்து எடுத்துக் கொடுக்க முடியாது."

எனக்கு அது புரிந்தது என்று சொல்ல மாட்டேன். ஆனால் அவர் முகத்தைப் பார்த்தபோது அது பொய்யில்லை என்று தெரிந்தது.

"ஆபேலிகிட்டச் சொல்லிட்டுப் போங்க" என்றேன்.

"வேண்டாம். கூடாதுன்னு சொல்லிட்டாங்கன்னா? நம்பிக் காத்திருந்து இல்லைன்னு ஆச்சுன்னா அவன் ரெண்டு தடவை சாவான். நீங்களும் சொல்லாதீங்க. மார்த்தா வந்து கறந்துக்குவா, அவகிட்டயும் சொல்லக்கூடாதுன்னு சொல்லிருக்கேன்."

சொல்ல மாட்டேன் என்று கை கொடுத்தேன். இதை எழுதும்போது அந்தக் கையை நான் பார்க்கிறேன்.

புதன்கிழமை மார்த்தா வந்து கறந்தாள். எனோக்கியின் மனைவி, வாயடக்கமான பெண்பிள்ளை. "அவருக்கு என்ன?" என்று ஹில்யா கேட்டதற்கு "வேலை" என்றாள். வியாழக்கிழமை நான் போனபோது ஆபேலி கதவைப் பார்த்து முகம் திருப்பிப் படுத்திருந்தார். தலையணைகளை அந்தப் பக்கமாக மாற்றி வைக்கச் சொல்லியிருந்தார். புளித்துக் கம்பியாக இழுபடும் பாலில் ஒரு கரண்டி ஊட்டினாள் ஹில்யா. இறங்கவில்லை.

"கேட்டிருக்கக் கூடாது" என்றார் என்னிடம். ஒவ்வொரு வார்த்தைக்கும் இடையில் காத்திருந்தார். "நல்ல நாளாவது சொல்லிக்கிட்டிருந்தான். கேட்டு அதையும் கெடுத்துட்டேன்."

"வருவார்" என்றேன்.

"எங்க வர்றது. கோடாலிச் சத்தமும் இல்ல, பாரு."

வெளியே வாசற்படி விளிம்பு தெரியாத அளவுக்குப் பனி. மேசையின் மறுபக்கம் தாவெத்தி கையுறையைத் தைத்துக்கொண்டிருந்தான். ஒரு சொல் நான் சொல்லியிருக்கலாம். டவுனுக்குப் போயிருக்கிறார் என்று இரண்டு சொல் சொல்லியிருக்கலாம். வாக்குக் கொடுத்தவன் வாக்கைக் காப்பாற்ற வேண்டும் என்றுதான் எனக்குப் பள்ளிக்கூடத்தில் சொல்லிக் கொடுத்திருந்தார்கள். நான் செய்தித்தாளில் மரவிலையை வாசித்துக் காட்டினேன். அவர் கேட்டுக்கொண்டிருந்தாரா என்று தெரியவில்லை.

வெள்ளிக்கிழமை பகல் முழுக்க ஏரிக்காற்று. மாலை பால் கறக்கிற நேரத்தில், நான்கு மணி தாண்டி, ஆபேலி இறந்துபோனார். செவலை அன்றைக்குத்தான் கன்று போட்டது. அதைச் சொல்ல மார்த்தா உள்ளே ஓடி வந்தாள். கட்டிலருகே ஹில்யா நிற்பதைப் பார்த்துவிட்டு, எதற்காக வந்தேன் என்பதைச் சொல்லாமல் திரும்பிப் போனாள்.

சனிக்கிழமை காலை உடலைக் குளிப்பாட்டினார்கள். எங்கள் பக்கத்தில் அது சவுனாவில்தான். அந்த நீராவிக் குளியல் குடிலில்தான் பிள்ளை பெறுவார்கள், சனிக்கிழமைதோறும் குளிப்பார்கள், கடைசியில் அதே பலகையில் படுப்பார்கள். அந்தச் சவுனாவையும் அண்ணன் தம்பி இருவரும்தான் கட்டினார்கள். மரக்கட்டைகளுக்கு நடுவில் பாசி அடைத்த வேலை எனோக்கியுடையது. அன்றைக்கு அடுப்பு மூட்டவில்லை, தண்ணீர் மட்டும் வீட்டிலிருந்து சுட வைத்துக் கொண்டுபோனார்கள். உள்ளே ஹில்யாவும் சைமியும். நானும் தாவெத்தியும் வெளியே வழியைச் செதுக்கிக்கொண்டிருந்தோம்.

அப்போது எனோக்கி பாலத்தின்மேல் வருவதைப் பார்த்தேன். ஓடவில்லை, ஆனால் நடையும் இல்லை. முழங்கால் வரை பனியில் இறங்கி இறங்கி வந்தார். ரயில் நிறுத்தத்திலிருந்து ஏழு மைல் அப்படியே நடந்திருக்கிறார். மீசையில் பனிக்கட்டி. பாலத்தைத் தாண்டியதும் வீட்டுக் கதவைப் பார்த்தார். கதவின் இருபுறமும் சின்ன ஃபிர் மரங்களை வெட்டி நட்டிருந்தோம், சாவு வீட்டுக்கு நடுவதுபோல. அதைப் பார்த்ததும் நின்றுவிட்டார்.

"எப்போ?" என்று என்னைக் கேட்டார்.

"நேத்து. நாலு மணிக்கு."

"நேத்து நாலு மணிக்கு நான் ஸ்டேஷன்ல உக்காந்திருந்தேன். பனியில வண்டி விடல." தொப்பியைக் கழற்றினார். "வியாழக்கிழமை ராத்திரிதான் கூடினாங்க. ஜெபம் பண்ணினாங்க, பேசினாங்க. கடைசியில உன் மனசாட்சிப்படி செய்ன்னு சொன்னாங்க, குஸ்தா. மனசாட்சி நான் போகும்போதே என்கிட்டதானே இருந்துச்சு."

தாவெத்தி மண்வெட்டியை ஊன்றி நின்றான்.

சவுனாக் கதவு திறந்தது. ஹில்யா வாளியோடு வெளியே வந்து அழுக்குத் தண்ணீரைப் பனியில் சாய்த்தாள். கை முட்டி வரை நனைந்து சிவந்திருந்தது. நிமிர்ந்தபோது எதிரே எனோக்கி. அவர் வலது கையுறையைப் பல்லால் இழுத்துக் கழற்றினார். கையை நீட்டினார்.

"தேவ சமாதானம், மதினி" என்றார்.

பதினோரு வருஷத்தில் முதல்முறை. உள்ளே படுத்திருந்தவருக்கு அது கேட்டிருந்தால். ஹில்யா அந்தக் கையைப் பார்த்தாள். நீண்ட நேரமில்லை, வாளியிலிருந்து கடைசிச் சொட்டு விழுகிற நேரம்தான்.

"நல்ல நாள், எனோக்கி" என்றாள். வாளியை எடுத்துக்கொண்டு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

பிறகு நடந்தவற்றைச் சுருக்கமாகச் சொல்கிறேன். சவப்பெட்டி எனோக்கி செய்தார், பைன் பலகையில், தன் பட்டறையில். தாவெத்தி போய்க் குதிரைச் சறுக்குவண்டியில் ஏற்றி வந்தான். பூமி நான்கடி ஆழத்துக்கு உறைந்திருந்தது. மற்றவர்களாக இருந்தால் வசந்தம் வரை பெட்டியைக் கிட்டங்கியில் வைத்துவிடுவார்கள். எனோக்கி எல்மாவின் குழிக்குப் பக்கத்தில் இரண்டு பகல் விறகைக் குவித்து எரித்து மண்ணை இளக்கித் தானே தோண்டினார். புதன்கிழமை அடக்கம். ஆபேலியின் பக்கத்துப் பிரசங்கியார் நடத்தினார். ஆகவே எனோக்கி கம்பிவேலிக்கு வெளியே, சாலையில் தொப்பியைக் கழற்றி நின்றார். உள்ளே பாடினார்கள். பாட்டு இரண்டு பக்கத்துக்கும் பொதுதான், அதே புத்தகம், அதே ராகம். அவரும் வெளியே நின்று பாடுவது எனக்குக் கேட்டது. ஹில்யா திரும்பிப் பார்க்கவில்லை.

அன்றிலிருந்து அவர் ஓடையைத் தாண்டவில்லை. விறகை வெட்டிப் பாலத்தின் அந்த முனையில் அடுக்கிவிட்டுப் போவார். ஹில்யா அதைத் தொடவில்லை. அவள் தோட்டத்து வேலிக் கட்டைகளை உடைத்து எரிக்க ஆரம்பித்திருப்பதாகத் தாவெத்தி கடையில் சொன்னான்.

மார்ச் இருபத்தைந்து, திங்கட்கிழமை காலை, ஹில்யா என்னை வரச் சொன்னாள். ஆபேலி பிறந்த ஊர்ச் சபைப் பதிவேட்டில் அவர் பெயர் இன்னும் திறந்தே கிடந்தது. புறப்பட்ட நாளில் 'அமெரிக்கா' என்று எழுதியதோடு சரி. இறந்த தேதியை அந்த ஊர்ப் பாதிரியாருக்கு எழுதி அனுப்ப வேண்டும். ஹில்யாவுக்கு வாசிக்க வரும், எழுத வராது. அவள் வளர்ந்த ஊரில் சபை வாசிப்பைத்தான் சோதித்தது. எழுதுவாயா என்று யாரும் கேட்டதில்லை.

பிறந்த தேதி, ஞானஸ்நானத் தேதி, புறப்பட்ட வருஷம், மனைவி பெயர், பிள்ளைகள், இறந்த தேதி என்று வரிசையாக எழுதி முடித்தேன். அவள் மேசையில் வெண்ணெய் கடைந்துகொண்டிருந்தாள். சைமி முதல்நாளே டவுனுக்குத் திரும்பிவிட்டாள். வீட்டில் வெண்ணெய் கடையும் சத்தம் தவிர வேறு சத்தம் இல்லை.

"ஹில்யா" என்றேன். "நான் ஒண்ணு மறைச்சுட்டேன்."

ரயிலைப் பற்றிச் சொன்னேன். செவ்வாய்க்கிழமை என் வீட்டு வாசலில் நின்று எனோக்கி சொன்னதெல்லாம் சொன்னேன். மூப்பர்களைப் பற்றியும், வியாழக்கிழமை அந்தக் கட்டிலுக்குப் பக்கத்தில் நான் மரவிலை வாசித்ததைப் பற்றியும் சொன்னேன்.

அவள் கடைவதை நிறுத்தவில்லை. வேகம் மட்டும் குறைந்தது.

"அப்ப அவரு வராம இருக்கல" என்றாள்.

"இல்ல. அதைக் கேக்கத்தான் போனாரு."

"இவரு கெடுத்துட்டேன் கெடுத்துட்டேன்னு சொல்லிக்கிட்டே போனாரு. மூணு நாளு. அந்தக் கதவைப் பாத்துக்கிட்டு." மத்தை நிறுத்தினாள். "உங்களுக்குத் தெரிஞ்சிருந்துச்சு."

"தெரியும்."

"காபியும் குடிச்சீங்க."

"குடிச்சேன்."

அவள் வெண்ணெயை எடுத்துத் தண்ணீரில் அலசினாள். மூன்று தண்ணீர் மாற்றினாள். உப்புப் போட்டுப் பிசைந்தாள். நான் தொப்பியைக் கையில் எடுத்துக்கொண்டேன்.

"உக்காருங்க" என்றாள். "உங்களை என்ன செய்றது. இந்த ஊர்ல எல்லாரும் சொன்ன வார்த்தையைக் காப்பாத்துறவங்க. அதுலதான் செத்தாரு." கையைத் துடைத்தாள். "இன்னொரு தாள் இருக்கா?"

"இருக்கு. யாருக்கு?"

"ஓடைக்கு அந்தப் பக்கம்."

நான் சன்னல் வழியாகப் பார்த்தேன். எனோக்கி வீட்டுப் புகைபோக்கி அங்கிருந்தே தெரியும். "நடந்து போயிச் சொல்லிரலாமே, நானும் வரேன்" என்றேன்.

"போனேன். முந்தாநாளு பாலம் வரைக்கும் போனேன். அவரு விறகு அடுக்கிக்கிட்டிருந்தாரு. வாயைத் திறந்தேன், வேற ஏதோ வரப் பாத்துச்சு. அதான் திரும்பிட்டேன். தாள்ல போட்டா வேற வராது. எழுதுங்க."

அவள் நின்றபடியே சொன்னாள், நான் எழுதினேன். நடுநடுவே வாசித்துக் காட்டச் சொன்னாள்.

"செவலை கிடாரிக் கன்னு போட்டிருக்கு, நல்லா ஊட்டுதுன்னு எழுதுங்க. அவருதான் குளிர்காலம் முழுக்கப் பாத்தாரு, தெரியணும். எழுதிட்டீங்களா? அடுத்தது, நீ எங்க போனேன்னு இன்னைக்குத்தான் எனக்குத் தெரியும்னு எழுதுங்க. உங்க அண்ணன் அது தெரியாமத்தான் போனாரு, அதையும் எழுதுங்க."

"அது அவருக்கு வலிக்கும்."

"வலிக்கட்டும். எனக்கும் வலிக்குது. மறைச்சா நாளைக்கு அவரு வேற யாரோ சொல்லிக் கேக்கணும்." வேலிக் கட்டை ஒன்றை அடுப்பில் தள்ளினாள். "நான் நின்ன பக்கம் தப்புன்னு எழுதல. எல்மா இருக்கிற பக்கம்தான் நான் இருப்பேன். அவங்க அப்பாவும் அங்கதான். நீ அதைக் கேக்காதே, நானும் உன்னைக் கேக்க மாட்டேன். இப்படியே எழுதுங்க, நல்ல வார்த்தையா மாத்தாதீங்க."

மாற்றவில்லை.

"ஆனா நீ கையை நீட்டினே. நான் ஈரக்கையை மடக்கிக்கிட்டு உள்ள போயிட்டேன். கோபத்துல போனேன். ஆண்டவர் பேரைச் சொல்லி நீட்டின கையை அப்படி விட்டது பாவம். என்னை மன்னிச்சேன்னு ஒரு வார்த்தை எழுது. வாயால சொல்ல வராட்டி எழுது. உனக்கு எழுத வரும்." நிறுத்தினாள். "விறகு நனையுது. கொட்டகைக்குள்ள வந்து போடு. அவ்வளவுதான்."

"தலைப்பில் என்ன போடறது?" என்று கேட்டேன். சபைக்காரர்கள் கடிதத்தின் முதல் வரியில் அந்த வாழ்த்தைப் போடுவார்கள். மற்றவர்களுக்கு எழுதும்போது தேதியோடு நிறுத்திக்கொள்வார்கள். நான் மேலே இரண்டு வரி இடம் விட்டிருந்தேன்.

"அதை நீங்க எழுதக்கூடாது" என்றாள். "உங்க கையில எழுதினா உங்க வணக்கம்தான் போகும்."

உள்ளறைக்குப் போய் வேதப் புத்தகத்தை எடுத்து வந்தாள். பவுலின் நிருபத்தில் ஒரு பக்கத்தைத் திறந்து, அந்த இரண்டு வார்த்தைக்கும் கீழே விரல் வைத்துக்கொண்டாள். என் பேனாவை வாங்கினாள். பேனாவைக் கரண்டி பிடிப்பதுபோல் பிடித்தாள். அச்சில் இருந்த பழைய கொக்கி எழுத்தை ஒவ்வொன்றாகப் பார்த்துப் பார்த்து இறக்கினாள். எழுதவில்லை, வரைந்தாள். முதல் எழுத்தில் மை கொட்டியது. நான் வேறு தாளில் படி எடுக்கலாம் என்றேன். வேண்டாம் என்று தலையசைத்தாள். நாக்கை உதட்டோரம் கடித்துக்கொண்டு, ஒரு கன்று மடி தேடுவதுபோல் தயங்கித் தயங்கி, இரண்டு வார்த்தைக்குக் கால் மணி நேரம் ஆனது. முடிந்ததும் பேனாவை மேசையில் வைத்துவிட்டு, புத்தகத்தையும் தாளையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"வாசிக்க வருதா?" என்றாள்.

"வருது."

"வாசிக்காதீங்க."

உறையின் பசை காய்ந்துபோயிருந்தது. மாவை நீரில் குழைத்து விரலால் தடவி ஒட்டினாள். அதன்மேல் இஸ்திரிப்பெட்டியைக் கொஞ்ச நேரம் வைத்தாள். முகவரியை நான் எழுதினேன். இரண்டு சென்ட் தபால்தலை என் பையில் இருந்தது.

தபால்காரர் ஓல்சனின் வண்டி பதினொரு மணிக்கு வந்தது. அவர் உறையைத் திருப்பிப் பார்த்தார், ஓடையைப் பார்த்தார். "இது எனோக்கி வீடு. இப்பத்தான் அந்த வழியா வந்தேன். திரும்பிப் போறது வேற சாலை, இனி இது டவுனுக்குப் போயி முத்திரை வாங்கி நாளைக்குத்தான் அவரு கையில சேரும். நடந்தா பத்து நிமிஷம், அம்மா."

"தெரியும்" என்றாள் ஹில்யா. "நல்ல நாள்."

"நல்ல நாள்" என்றார் ஓல்சன். உறையைப் பையில் போட்டு வாரை இறுக்கிக் கட்டிவிட்டு, குதிரையை டவுன் பக்கம் திருப்பினார்.